அப்பீல் இருக்கிறதே!



சர்க்கார் உத்தியோகஸ்தர் ஒருவர் ஒரு மனிதனுடைய லைசென்ஸையோ, வேலையையோ ஒரு காகிதத்தால் பறித்துவிடுகிறார். அவன் ஹைகோர்ட்டுக்குப் போனால், "உனக்குத்தான் அப்பீல் இருக்கிறதே, அங்கே போ" என்று பதில் வருகிறது. இந்தப் பதில் வேதவாக்கா என்பதுதான் இன்று நாம் யோசிக்க வேண்டிய விஷயம்.

இதிலுள்ள நியாயத்தை முதலில் ஒப்புக்கொள்ளுவோம். அப்பீல் அதிகாரி சாட்சியத்தையும் கணக்கையும் புரட்டிப் பார்க்கலாம். ரிட் மனுவில் ஹைகோர்ட் சாதாரணமாக அந்த வேலையைச் செய்வதில்லை. ஆகவே தகராறு வெறும் கணக்கைப் பற்றியதானால் அப்பீலே சரியான வழி.

ஆனால், அரசியல் சட்டம் 226-வது பிரிவில் இப்படியொரு தடை எழுதப்படவில்லை. இது கோர்ட்டார் தாங்களாக வகுத்துக்கொண்ட கட்டுப்பாடேயாகும். இது கொள்கையும் சௌகரியமும் பற்றிய விதியே ஒழியச் சட்டக் கட்டளையல்ல என்று சுப்ரீம் கோர்ட்டே 1957-ல் முகமது நூ வழக்கில் சொல்லியிருக்கிறது.

அவ்வழக்கைக் கேளுங்கள். ஐக்கிய மாகாணத்தில் ஒரு போலீஸ்காரரை விசாரித்த அதிகாரி, நடுவிலே எழுந்து தானே சாட்சி சொல்லி, மறுபடியும் நாற்காலியில் உட்கார்ந்து 1948-ல் அவரை டிஸ்மிஸ் செய்தார். பூசாரியே சாமியாடி, பூசாரியே குறி சொல்லி, தட்சணையும் வாங்கிக்கொண்ட கதைதான்! அப்பீல் தள்ளப்பட்டது. ரிவிஷனும் 1950 ஏப்ரலில் தள்ளப்பட்டது. ஹைகோர்ட் உத்தரவை ரத்து செய்தது. சர்க்கார் மேலே போயிற்று. விசாரணை நியாயத்துக்கு விரோதம் என்று ஒப்புக்கொண்ட சுப்ரீம் கோர்ட், மூல உத்தரவு 26-1-1950-க்கு முந்தியதாகையால் 226-வது பிரிவு உதவாதென்று சர்க்கார் பக்கமே தீர்ப்புச் சொல்லிற்று. நீதிபதி விவியன் போஸ் ஒருவரே மாறுபட்டார். கொள்கை ஜெயித்தது, மனிதன் தோற்றான்!

பிறகு 1998-ல் வேர்ல்பூல் வழக்கில் நான்கு வழிகள் தெளிவாயின. அடிப்படை உரிமைக்குப் பங்கம் நேர்ந்தால், எதிர்த்தரப்பைக் கேட்காமல் தீர்ப்பதுபோன்ற இயற்கை நீதி மீறல் நடந்தால், அதிகாரமில்லாதவர் உத்தரவிட்டால், அந்தச் சட்டமே செல்லுமா என்ற கேள்வி எழுந்தால், அப்பீல் இருந்தாலும் ஹைகோர்ட் தலையிடலாம். இவற்றில் ஒன்று இருக்கிறதா என்று பார்க்காமலே மனுவைத் தள்ளுவது முறையல்லவென்று 2023-லும் சுப்ரீம் கோர்ட் சொல்லியிருக்கிறது.

நாம் கேட்பதெல்லாம், விதியை மந்திரமாக ஜெபிக்காதீர்கள், காரணத்தைப் பாருங்கள் என்பதே. ஜி.எஸ்.டி. சட்டத்தில் அப்பீலுக்குக் கெடு மூன்று மாதம்; காரணம் காட்டினால் இன்னும் ஒரு மாதம். தகராறான வரியில் 100-க்கு 10 முன்பணமும் கட்டவேண்டும். நோட்டீசே காணாத சிறு கடைக்காரன் அந்தப் பணத்துக்கு எங்கே போவான்?

தோழர்களே! உத்தரவு வந்ததும் அப்பீல் கெடு எதுவென்று முதலில் பாருங்கள். கோர்ட்டை நம்பி அதைத் தவறவிடாதீர்கள். ரிட் போட்டால் நான்கில் எந்த வழியென்று மனுவிலேயே எழுதுங்கள். "விதி அப்படி" என்று யார் சொன்னாலும், "ஏன்?" என்று கேளுங்கள். கோவிலில் கேட்கக் கற்ற கேள்வியைக் கச்சேரியிலும் கேட்பதுதான் சுயமரியாதை.