சுல்தான் கான் என்னும் சதுரங்க வீரர்



நம் படிப்பகத்தில் மாலைதோறும் சதுரங்கப் பலகையைச் சூழ்ந்து அமரும் இளைஞர்களுக்காக, மீர் சுல்தான் கான் வரலாற்றை இன்று எடுத்துக்கொண்டோம்.

பஞ்சாபில் பிறந்த அவர், சர் உமர் ஹயாத் கான் என்ற பெருநிலக்கிழாரின் ஆதரவில் வாழ்ந்தவர். இந்திய முறை ஆட்டமே அவர் முதலில் பயின்றது. அதில் சிப்பாய் முதல் நகர்விலும் ஒரு கட்டமே செல்லும். ஐரோப்பிய விதிகளைப் பின்னரே கற்றார். 1929இல் அந்நிலக்கிழாருடன் இலண்டன் சென்றவர், அவ்வாண்டே பிரிட்டிஷ் சாம்பியன் ஆனார்! 1932, 1933 ஆகிய ஆண்டுகளிலும் அப்பட்டம் அவருக்கே. 1930–31 ஹேஸ்டிங்ஸ் போட்டியில், முன்னாள் உலகச் சாம்பியன் கபபிளாங்காவையே வீழ்த்தினார். அதே வீட்டைச் சேர்ந்த பாத்திமா 1933இல் பெண்கள் பட்டம் வென்றதை நம் பெண்மக்கள் குறித்துக்கொள்க.

ஆங்கில ஏடுகள் அவரை 'ஏவலாள்' என்றே எழுதிவந்தன. குடும்பத்தார் அதனை மறுக்கின்றனர். பிறர் ஒட்டும் பெயர் எத்தனை காலம் நிலைத்துவிடுகிறது, பாருங்கள்!

1933இல் நிலக்கிழார் தாயகம் திரும்பவே, சுல்தான் கானும் திரும்பினார். உலக அரங்கில் பின்னர் ஆடவில்லை. 1950இல் உலகச் சதுரங்கக் கூட்டமைப்பு இருபத்தெழுவருக்குக் கிராண்ட் மாஸ்டர் பட்டம் வழங்கியது. ஆட்டத்தை விட்டு நெடுங்காலமான ரூபின்ஸ்டைனுக்கும் அது கிட்டியது. சுல்தான் கான் பெயர் அப்பட்டியலில் இல்லை. 2024இல்தான் கௌரவப் பட்டம் வந்தது. பெற்றுக்கொண்டவர் பாகிஸ்தானின் அந்நாள் பிரதமர். சுல்தான் கான் 1966இலேயே மறைந்துவிட்டார்.