அடுத்து எந்த ஊர்?

டிரைவர் இல்லாத டாக்சி அடுத்து எந்த ஊருக்கு வரும்? இதற்கு ஜோசியம் பார்க்க வேண்டாம். தெருவைக் கவனித்தால் போதும்.

அமெரிக்காவின் அரிசோனா மாநிலத்தில் உள்ள பீனிக்ஸ் பகுதியில் 2020 அக்டோபரில் வேமோ நிறுவனம் இந்தச் சேவையைப் பொதுமக்களுக்குத் திறந்துவிட்டது. அது பாலைவன ஊர். மழை குறைவு, சாலைகள் அகலம், அரிசோனா அரசும் கெடுபிடி காட்டவில்லை. பிறகு 2024-இல் சான்பிரான்சிஸ்கோ, லாஸ் ஏஞ்சல்ஸ். 2025-இல் ஆஸ்டின், அட்லாண்டா. பனி அதிகம் கொட்டாத ஊர்களாகவே வருவதைப் பாருங்கள்.

தெருவில் கவனிக்க வேண்டியது வேமோவின் வெள்ளை ஜாகுவார் கார். அதன் கூரையில் கறுப்புக் குமிழ், அதற்குள் லேசர் கதிரால் தூரம் அளக்கும் கருவி. முதலில் ஆள் ஓட்ட, அந்தக் கார் தெருத் தெருவாகச் சுற்றி வரைபடம் தயாரிக்கும். அடுத்து டிரைவர் இருக்கை காலியாகும். ஆனால் பயணிகள் நிறுவன ஊழியர்கள்தான். இந்தக் கட்டம் வந்துவிட்டால் பொதுச் சேவை நெருங்கிவிட்டது என்று சொல்லலாம்.

ஆனாலும் ஒரு விபத்து எல்லாவற்றையும் புரட்டிப் போடும். 2023 அக்டோபரில் சான்பிரான்சிஸ்கோவில், வேறொரு வண்டி மோதி விழுந்த பெண்ணை குரூஸ் நிறுவனத்தின் டிரைவர் இல்லாத கார் சாலையில் இழுத்துச் சென்றது. கலிபோர்னியா அரசு அதே மாதம் அனுமதியை நிறுத்தி வைத்தது. 2024 டிசம்பரில் குரூஸின் தாய் நிறுவனமான ஜெனரல் மோட்டார்ஸ் டாக்சித் திட்டத்தையே கைவிட்டது.

அனுமதியை நிறுத்தியது சரியான நடவடிக்கை. நடந்து போகிறவரின் உயிருக்கு உத்தரவாதம் தராத வண்டிக்கு எந்த ஊரும் அனுமதி தரக் கூடாது.