நம் கால்வாயும் ரைன் நதியும்



புவியியல் வகுப்பில் ரைன் நதியை வரைந்து பழகினோம். அந்நதி கடலைச் சேரும் நாட்டிலிருந்து வந்த ஒல்லாந்தரின் கால்வாய்தான் நம் ஊர்ப் பக்கத்தில் முந்தல் களப்பையும் புத்தளம் களப்பையும் இணைக்கிறது. வீதியும் ரயிலும் வருமுன் கொப்பராவும் உப்பும் கருவாடும் படகில் தெற்கே சென்ற வழி அது. உடப்பில் தீமிதிப்பு, தலவிலவில் புனித அன்னம்மாள் பெருவிழா, பள்ளிவாசல்களில் கந்தூரி என்று இந்த நீரோரத்தில் எல்லோரும் சேர்ந்தே வாழ்ந்தோம்.

1980களில் இறால் பண்ணைகள் பெருகின. கண்டல் மரங்கள் வெட்டப்பட்டன. பண்ணைகள் நீர் எடுத்ததும் கழிவு விட்டதும் இதே கால்வாயில்தான். 1996இல் வெண்புள்ளி நோய் வந்தபோது, ஒரு குளத்தின் நீரே அடுத்த குளத்துக்கும் நோயைக் கொண்டுபோயிற்று. பல குடும்பங்கள் கடனாளியாயின.

ரைனுக்கும் இக்கதி நேர்ந்தது. 1986 நவம்பரில் பாசல் நகரருகே களஞ்சியமொன்று எரிந்து, நஞ்சு ஆற்றில் கலந்து மீன்கள் செத்து மிதந்தன. கரையோர நாடுகள் ஒன்றுகூடி உழைத்தன. சல்மன் மீன்கள் திரும்பி வந்தன.

அத்தனை நாடுகளால் முடிந்தது, அயலூர்களான நம்மால் முடியாதா? நூற்றாண்டு நினைவாகக் கண்டல் கன்றுகள் நடுவோம். கால்வாயோரத்து மூத்தவர்களின் நினைவுகளை இன்றைய மாணவியர் எழுதிவைக்கத் துணைநிற்போம். தூரத்திலிருக்கும் சகோதரிகளும் கைகொடுங்கள்.