ஜாதிக்குக் காவல் யார்?

(பூவிருந்தவல்லியில் நடந்த கூட்டமொன்றில் பேசியதன் சாரம்)



சரித்திர ஆசிரியை உமா சக்கரவர்த்தி அம்மையாரின் புஸ்தகங்களைப் பற்றிப் பேசும்படி சொல்லியிருக்கிறார்கள். அம்மையார் 1941-இல் பிறந்தவர். டெல்லி மிராண்டா ஹவுஸ் கல்லூரியில் நெடுங்காலம் சரித்திரம் கற்பித்தவர். சரித்திரம் என்றால் எந்த ராஜா எந்த ராஜாவை வெட்டினான் என்பதுதான் என்று பள்ளிக்கூடத்தில் நமக்குச் சொல்லிவைத்தார்கள். இந்த அம்மையாரோ, ராஜா வெட்டிக்கொண்டிருந்தபோது அவன் அரண்மனையில் மாவரைத்தவள் யார், அவள் ஏன் புஸ்தகத்தில் இல்லை என்று கேட்கிறார்.

பண்டைக்காலத்தில் நம் பெண்கள் மகா மேன்மையாயிருந்தார்கள், கார்க்கியைப் பாருங்கள், மைத்ரேயியைப் பாருங்கள் என்று சொல்லாத பிரசங்கி உண்டா? சரி, அதே வேதகாலத்தில் தாசியும் இருந்தாளே, அவள் எங்கே போனாள் என்று 1989-இல் வந்த ஒரு கட்டுரையில் அம்மையார் கேட்டார். (தாசி என்றதும் நம் ஊர் அர்த்தம் எடுத்துக்கொள்ள வேண்டாம். பிடித்துவரப்பட்ட அடிமைப் பெண் என்று பொருள்.) 19-ஆம் நூற்றாண்டில் பழம்பெருமை எழுதியவர்கள் மேல்ஜாதிப் பெண்ணை மாத்திரம் எடுத்து, அவள்தான் பாரதப் பெண் என்று சொல்லிவிட்டார்கள். உழைத்தவள் கணக்கிலேயே வரவில்லை.

ஆனால் நான் முக்கியமாகச் சொல்ல வந்தது 2003-இல் வந்த புஸ்தகத்தைப் பற்றி. ‘ஜெண்டரிங் காஸ்ட்’ என்பது அதன் பெயர். ஜாதி எங்கே இருக்கிறது? கோவிலில் இருக்கிறது, குளத்தில் இருக்கிறது என்போம். அது கல்யாணத்தில் இருக்கிறது என்பது அம்மையாரின் அபிப்பிராயம். ஜாதி நீடிக்க வேண்டுமானால் அந்தந்த ஜாதிப் பெண் அந்தந்த ஜாதியிலேயே பிள்ளை பெறவேண்டும். நிலமும் ஆண்வழியே போகவேண்டும். ஆகவே பெண்ணைக் காவல் காக்க வேண்டியதாகிறது. நித்தியம் தடியெடுத்துக் காக்க முடியுமா? அதனால் பதிவிரதை என்று ஒரு பட்டம், சுமங்கலி என்று ஒரு மரியாதை, மாமியாரானால் கொஞ்சம் அதிகாரம், இவற்றைக் கூலியாகக் கொடுத்து அவளையே அவளுக்குக் காவல் வைத்துவிட்டார்கள். மீறினால் அப்புறம் தடி.

உங்கள் ஊர்க் கதையையே பாருங்கள். திருக்கச்சி நம்பி இவ்வூரில் பிறந்தவர் என்றும், வைசியர் என்றும், காஞ்சீபுரத்தில் பெருமாளுக்கு விசிறினவர் என்றும் சொல்லுகிறார்கள். ராமாநுஜர் இவரைப் பெரியவராக மதித்து, இவர் உண்ட மிச்சத்தைத் தாம் உண்ணவேண்டுமென்று வீட்டுக்கு அழைத்தாராம். அழைத்துவர ராமாநுஜர் வெளியே போனார். நம்பியோ வேறு வழியாக வந்து சாப்பிட்டுவிட்டுப் போய்விட்டார். வீட்டு அம்மாள் மிச்சத்தை எறிந்தார், இடத்தைச் சாணியால் மெழுகினார், தலைமுழுகினார், புருஷனுக்கு வேறு சமைத்தார். புருஷனுக்கு வந்தது கோபம். இன்னும் இரண்டு சண்டைகளைச் சொல்லி, கடைசியில் மனைவியைத் தகப்பன் வீட்டுக்கு அனுப்பிவிட்டு அவர் சந்நியாசியானார் என்று கதை முடிகிறது.

இது நடந்ததோ இல்லையோ, எனக்குக் கவலையில்லை. ராமாநுஜர் ஜாதி பாராட்டவில்லை என்பது அவருக்குப் பெருமையே. ஆனால் அந்த அம்மாளுக்குத் தீட்டைக் கற்றுக்கொடுத்தது யார்? பிறந்த வீட்டில் கற்றுக்கொடுத்தார்கள்; அதைத் தவறாமல் செய்தால்தான் நல்ல பெண் என்றார்கள். செய்தார். செய்ததற்காகவே வீட்டை விட்டுப் போனார். “இனி நம் வீட்டில் தீட்டு கிடையாது” என்று அவரிடம் முன்கூட்டி ஒரு வார்த்தை யாராவது சொன்னார்களா? நான் கேட்ட கதையில் இல்லை. புருஷன் மகானானார், மனைவி பொல்லாதவளானாள்.

இதைப் பழங்கதை என்று தள்ளவேண்டாம். அம்பத்தூர் எஸ்டேட்டில் வேலை செய்யும் தோழர் ஒருவர், மேடையில் ஜாதி ஒழிப்பை வெகு ஜோராகப் பேசக்கூடியவர், என்னிடம் வந்தார். அவர் மகள் கூட வேலை பார்க்கும் வேறு ஜாதிப் பையனை விரும்புகிறாள். “எனக்கு ஆட்சேபணையே இல்லீங்க, வீட்ல பொம்பளைங்கதான் ஒத்துக்க மாட்டேங்கிறாங்க” என்றார். ஐயா, வீடு யார் பேரில் இருக்கிறது என்று கேட்டேன். என் பேரில் என்றார். போன வருஷம் மனை விற்றீரே, அந்த அம்மாளைக் கேட்டா விற்றீர் என்றேன். பதில் இல்லை. மற்ற எதற்கும் கேட்கப்படாத அம்மாளுக்கு இந்த ஒரு விஷயத்தில் மாத்திரம் எப்படி ஐயா இவ்வளவு அதிகாரம் வந்தது?

மனை என்றதும் ஞாபகம் வருகிறது. 1929 பிப்ரவரியில் செங்கற்பட்டு சுயமரியாதை மாநாட்டில் பெண்ணுக்குச் சொத்தில் சம உரிமை வேண்டுமென்று தீர்மானித்தார்கள். இவ்வூரும் அப்போது செங்கற்பட்டு ஜில்லாதான். தமிழ்நாட்டில் மகளுக்குப் பூர்வீகச் சொத்தில் சமபங்கு என்று சட்டம் வந்தது 1989-இல். அறுபது வருஷம்! வந்ததும் நாம் என்ன செய்தோம்? ஆவடியிலும் திருவேற்காட்டிலும் ஏரிப் பாசன நிலமெல்லாம் பிளாட்டான பிறகு, அக்காள் தங்கையைக் காரில் ஏற்றி ரிஜிஸ்தர் ஆபீசுக்கு அழைத்துப்போய்க் கையெழுத்து வாங்குகிறோம். அந்தப் பத்திரத்துக்குப் பெயர் விடுதலைப் பத்திரமாம்! யாருக்கு விடுதலை, எதிலிருந்து விடுதலை? கையெழுத்துப் போட்டால் தாய்வீட்டுச் சீர் உண்டு. பங்கு கேட்டால் வாசற்படி கிடையாது. அம்மையார் எழுதிய கூலியும் தடியும் இதுதான். இதில் எல்லா ஜாதியாரும் ஒரே ஜாதிதான். இங்கே கைதட்டுகிறவர்களில் எத்தனை பேர் வீட்டுப் பீரோவில் அந்தப் பத்திரம் இருக்கிறதோ!

புஸ்தகம் என்னிடம் ஒரு பிரதி இருக்கிறது. இங்கிலீஷில் இருக்கிறது, ஞாயிற்றுக்கிழமை மாலையில் கொஞ்சம் கொஞ்சமாகத் தமிழில் சொல்லிவரச் சித்தமாயிருக்கிறேன். இன்று வந்திருக்கும் பெண்களை எண்ணினேன், பதினோரு பேர். ஆண்களை எண்ண முடியவில்லை. மற்ற அம்மாமார்கள் வீட்டில் உலை வைத்துக்கொண்டிருப்பார்கள். அன்றைக்கு ஒரு வேளை உலையை நீங்கள் வைத்துவிட்டு அவர்களை அனுப்புவதானால், வருகிற ஞாயிற்றுக்கிழமையே ஆரம்பிக்கலாம்.