பந்தும் ஏடும்



நம் கல்விக் கழகம் இருபத்தைந்து ஆண்டுகளை நிறைவு செய்து வெள்ளி விழாக் காணும் இந்நன்னாளில், ஒரு கால்பந்து வீரரைப் பற்றிப் பேச முன்வந்தது சிலருக்கு வியப்பளிக்கலாம். மாலையில் மைதானத்திற்கு ஓடோடிச் செல்லும் நம் பிள்ளைகளுள் சிலர், காலையில் பள்ளிக்குச் செல்லத் தயங்குவதைக் காண்கிறோம். "படித்தவர்கள் நமக்கு என்ன செய்துவிட்டார்கள்? காலில் திறமை இருந்தால் போதாதா?" என்று அவர்கள் கேட்கிறார்கள். அக்கேள்வியைக் கடிந்து ஒதுக்குதல் நமக்கு அழகன்று. அதற்கு விடை கூறவல்ல வாழ்க்கை ஒன்று உண்டு. மேற்கு ஆப்பிரிக்காவைச் சேர்ந்த லைபீரிய நாட்டின் ஜார்ஜ் வியாவின் வாழ்க்கையே அது.

லைபீரியாவின் வரலாற்றை நாம் சற்றே அறிதல் வேண்டும். அமெரிக்காவில் அடிமைத்தளையினின்று விடுபட்ட கறுப்பின மக்கள் 1820-களில் அங்குக் குடியேறினர். 1847-இல் குடியரசு அமைத்தனர். ஆனால், விடுதலை தேடி வந்தவர்களின் வழித்தோன்றல்களே மண்ணின் மக்களைத் தாழ்வாக நடத்தினர். எண்ணிக்கையில் மிகுந்திருந்த பழங்குடியினர் ஆட்சிக்கு வெளியே நிறுத்தப்பட்டனர். 1980 வரை இந்நிலை நீடித்தது. ஒடுக்கப்பட்டவனும் வாய்ப்புக் கிடைத்தால் ஒடுக்குபவனாக மாறக்கூடும் என்னும் பாடத்தை நாமும் மறத்தலாகாது.

அப்பழங்குடிகளுள் ஒன்றாகிய குரு இனத்தில், 1966 அக்டோபர் 1 அன்று வியா பிறந்தார். தலைநகர் மன்ரோவியாவில், சதுப்பு நிலத்தின்மீது எழுந்த கிளாரா டவுன் என்னும் சேரியில் பாட்டியின் அரவணைப்பில் வளர்ந்தார். பள்ளிப் படிப்பை முடிக்கவில்லை. தொலைபேசித் துறையில் பணி செய்துகொண்டே உள்ளூர்க் குழுக்களில் ஆடினார். பின்னர்க் கேமரூன் நாட்டுக் குழுவொன்றில் ஆடியபோது அவருடைய ஆற்றல் வெளிப்பட்டது. 1988-இல் பயிற்சியாளர் ஆர்சென் வெங்கர் அவரை மொனாக்கோ குழுவிற்கு அழைத்துக்கொண்டார். வெங்கர் தம்மை மகனைப்போல் பேணினார் என்று வியா பின்னாளில் நன்றியுடன் நினைவுகூர்ந்தார்.

அதன்பின் அவர் அடைந்த ஏற்றம் பெரிது. பாரிஸ் செயின்ட் ஜெர்மைன் குழு 1994-இல் பிரெஞ்சு லீக் பட்டத்தை வென்றபோது அதன் முன்னணி ஆட்டக்காரர்களுள் அவரும் ஒருவர். 1995-இல் இத்தாலியின் ஏ.சி. மிலான் குழுவில் சேர்ந்து, 1996, 1999 ஆகிய ஆண்டுகளில் அந்நாட்டு லீக் பட்டத்தை வெல்லத் துணைநின்றார். 1996 செப்டம்பரில் வெரோனா குழுவிற்கு எதிராகத் தம் கோல் எல்லையருகே பந்தைப் பெற்று, மைதானத்தின் முழு நீளத்தையும் ஓடிக் கடந்து, எதிர்த்தோரை விலக்கி அடித்த கோலை இன்றும் வியந்து பேசுகின்றனர்.

ஐரோப்பாவின் உயரிய 'தங்கப் பந்து' விருது 1994 வரை ஐரோப்பிய நாட்டவர்க்கு மட்டுமே உரியதாக இருந்தது. 1995-இல் அவ்விதி தளர்த்தப்பட்டது. கதவு திறந்த அதே ஆண்டில் வியா உள்ளே நுழைந்தார்! அவ்விருதுடன் உலகின் சிறந்த வீரர் என்னும் விருதும் அவரை வந்தடைந்தது. வாய்ப்பு மறுக்கப்படுவதாலேயே திறமை இல்லையெனக் கருதுவோர்க்கு இதனினும் சிறந்த மறுமொழி வேறில்லை.

அவருடைய தாயகம் அப்போது உள்நாட்டுப் போரில் எரிந்துகொண்டிருந்தது. 1996-இல், ஐக்கிய நாடுகள் அவை தலையிட வேண்டும் என்று அவர் கூறியதன் பின்னர், மன்ரோவியாவில் இருந்த அவரது வீடு எரிக்கப்பட்டது. ஆயினும் அவர் நாட்டைக் கைவிடவில்லை. தேசிய அணியின் உடைக்கும் பயணத்திற்கும் தம் பணத்தையே செலவிட்டார். 2002 உலகக் கோப்பைக்குத் தகுதிபெறும் வாய்ப்பை லைபீரியா ஒரே ஒரு புள்ளியால் இழந்தது. உலகின் சிறந்த வீரர் உலகக் கோப்பையில் ஒருமுறையும் ஆடாமலே ஓய்வுபெற நேர்ந்தது.

இனி, நாம் சொல்லவந்த செய்திக்கு வருவோம். போர் முடிந்தபின் 2005-இல் வியா குடியரசுத் தலைவர் தேர்தலில் நின்றார். முதற்சுற்றில் முதலிடம் பெற்றார். ஆனால் 'படிக்காதவர்' என்னும் குறை அவர்மீது சுமத்தப்பட்டது. அவர் காட்டிய பட்டம் அங்கீகாரமில்லாத நிறுவனமொன்றினது என்பதும் வெளிப்பட்டது. "படித்தவர்கள்தாமே நாட்டைக் கெடுத்தார்கள்? படித்தாலும் படிக்காவிட்டாலும் எங்கள் வாக்கு உமக்கே" என்னும் பொருள்பட அவருடைய இளம் ஆதரவாளர்கள் முழங்கினர். எனினும் இரண்டாம் சுற்றில், ஹார்வர்டில் பயின்ற எல்லன் ஜான்சன் சர்லீஃப் வென்றார்.

இளைஞர்களே! அம்முழக்கத்திற்குள் வியா ஒளிந்துகொண்டிருக்கலாம். புகழும் செல்வமும் அவரிடம் இருந்தன. அவரோ நாற்பது வயதில் பள்ளிப் படிப்பை முடித்தார். 2011-இல் அமெரிக்காவின் டெவ்ரி பல்கலைக்கழகத்தில் வணிக நிர்வாகப் பட்டம் பெற்றார். இலட்சோப இலட்சம் மக்கள் கைதட்டிய கால்களை மேசைக்கடியில் மடக்கி மாணவராக அமர்ந்த அந்நாள்களே, எம் கண்ணுக்கு அவருடைய ஆட்டத்தினும் பெரியனவாகத் தோன்றுகின்றன.

2014-இல் செனட்டராகவும், 2017 தேர்தலில் குடியரசுத் தலைவராகவும் மக்கள் அவரைத் தேர்ந்தெடுத்தனர். 2018 அக்டோபரில், அரசுப் பல்கலைக்கழகங்களில் இளநிலை மாணவர்க்குக் கல்விக் கட்டணம் இல்லையென அறிவித்தார். அவருடைய ஆட்சி குறையற்றதன்று. விலைவாசியும் ஊழலும் மக்களை வாட்டின என்னும் குற்றச்சாட்டு வலுவாக எழுந்தது. 2023 தேர்தலில் மிகக் குறைந்த வேறுபாட்டில் தோற்றபோது, முடிவு முறையாக அறிவிக்கப்படுமுன்னரே தோல்வியை ஒப்புக்கொண்டார். போரால் சிதைந்த நாட்டில் அமைதியாக ஆட்சியை ஒப்படைத்தது சிறு செயலன்று.

பட்டம் ஒன்றே இழிவைத் துடைத்துவிடும் என்று நாம் பொய்யுரைக்க மாட்டோம். அயல்நாட்டில் உயர்கல்வி பயின்று திரும்பிய அண்ணல் அம்பேத்கரையே பரோடாவில் தங்குவதற்கு இடமின்றி விரட்டினார்கள். ஆயினும் அவர் கல்வியைக் கைவிடச் சொல்லவில்லை. அதனையே நமக்கு முதற்கடமையாக வைத்தார். நம்மை வாயிலில் நிறுத்துவோர் ஆயிரம் காரணம் கூறுவர். 'படிக்கவில்லை' என்னும் காரணத்தையேனும் அவர்களுக்கு நாமே எடுத்துக் கொடுத்தலாகாது.

ஆகவே, மைதானத்தை விட்டுவிடுங்கள் என்று நாம் கூறவில்லை. நன்றாக ஆடுங்கள், வெல்லுங்கள். இருட்டியபின் நம் கழகத்தின் விளக்கடிக்கும் வாருங்கள். இடையில் படிப்பை விட்டவர்களும் வெட்கமின்றி வாருங்கள். உலகையே வென்றவர் நாற்பது வயதில் பள்ளிப் பாடத்திற்குத் திரும்பியிருக்கும்போது, இருபது வயதில் நமக்கென்ன தயக்கம்?