பொங்கலுக்குக் கடலை உருண்டை

தில்லியில் ஜனவரி 13-இல் பஞ்சாபிய அண்டை வீட்டார் லோரி கொண்டாடி, நிலக்கடலையும் ரேவடியும் நமக்கு அளிப்பர். அதை ஒட்டியே பொங்கல். கடையில் வாங்கிய பெட்டியைத் திருப்பி அனுப்புவது கொடையாகாது, கடன் தீர்ப்பதேயாகும். கடலை உருண்டை செய்து கொடுங்கள். வெல்லமும் சுக்கும் அவர்களும் குளிர்காலத்தில் விரும்புபவையே.

வறுத்துத் தோல் நீக்கிய கடலை இரண்டு பங்கு, வெல்லம் ஒரு பங்கு. வெல்லத்தைச் சிறிது நீரில் கரைத்து வடிகட்டிக் காய்ச்சவும். ஒரு துளியைக் குளிர்ந்த நீரில் இட்டு, உருட்டித் தட்டில் போட்டால் கணீரென்று ஒலிக்க வேண்டும். அதற்குமுன் அவசரப்பட்டால் உருண்டை பல்லில் ஒட்டும். உடனே இறக்கி, சுக்குப் பொடியும் ஏலப்பொடியும் தூவி, கடலையைக் கொட்டிக் கிளறி, கையில் அரிசி மாவு தொட்டுச் சூட்டோடு பிடிக்கவும். தில்லிக் குளிரில் பாகு விரைந்து இறுகும். வீட்டார் கூடிப் பிடித்தால் நலம். ஆறியபின் இறுக மூடிய டப்பாவில் இடுக. வெல்லம் ஈரத்தை ஈர்க்கும்.