பயனிழந்த விண்ணப்பம்

(சங்கத்தின் ஆண்டுக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



நிலவழக்குகளைப் பற்றிச் சில கூறுமாறு சங்கத்தார் பணித்தனர். யான் வழக்கறிஞனல்லேன், தமிழ் கற்பிப்போன். ஆயினும், உயர்நீதிமன்றக் கட்டளைகளில் வரும் ஒரு சொல்லின் பொருளறியாது நம்மவர் பலர் இடர்ப்படுகின்றனர். சொற்பொருள் விளக்குதல் என் தொழிலாதலின், துணிந்து பேசுகின்றேன். அச்சொல் 'பயனற்றது' என்பதாம்.

வழக்குப் பயனற்றதாயிற்று எனின், வென்றதென்றோ தோற்றதென்றோ பொருளன்று; வேண்டியதற்கு இடமில்லாது போயிற்று என்பதே பொருள். மடையைத் திறக்குமாறு வேண்டி நிற்பவன், நீர் பாய்ந்தபின் அவ்வேண்டுகோளாற் பெறுவது யாது? பயிர் முற்றும் கருகியபின்தான் பெறுவது யாது? ஈரிடத்தும் வேண்டுகோள் ஒழிகின்றது. ஒருவன் மகிழ்கின்றான், மற்றவன் அழுகின்றான்.

நிலத்துறையில் இது பெரும்பாலும் மூன்று வழியால் நிகழும்.

முதலாவது, பட்டா. தந்தை இறந்தபின் மூத்தவர் தம் பெயருக்கே பட்டாவை மாற்றிக்கொள்ள, இளையவர் தாசில்தாரிடம் மனுக் கொடுக்கின்றார். விடையில்லை. 'என் மனுவை விசாரித்து முடிவு செய்யக் கட்டளையிடுக' என்று அரசியலமைப்பின் 226ஆம் பிரிவின்படி உயர்நீதிமன்றத்தை அடைகின்றார். அவ்வழக்கு நிலுவையிலிருக்கையில் தாசில்தார் மனுவைத் தள்ளிவிடின், வழக்குப் பயனிழக்கும். கேட்டது முடிவு, முடிவு வந்துவிட்டது. இனி 1983ஆம் ஆண்டுப் பட்டாப் பாஸ்புத்தகச் சட்டப்படி கோட்டாட்சியரிடம் மேல்முறையீடும், பின்னர் மாவட்ட வருவாய் அலுவலரிடம் சீராய்வும் செய்தல் வேண்டும். உரிமையே வழக்காயின் உரிமையியல் நீதிமன்றமே புகலிடம். 'மேலிடத்தில் வழக்கிருக்கின்றதே' என்று வாளாவிருப்பின், மேல்முறையீட்டுக் காலம் கழிந்துபோம்.

இரண்டாவது, வெளியேற்றம். 1905ஆம் ஆண்டு நில ஆக்கிரமிப்புச் சட்டத்தின் 7ஆம் பிரிவு அறிவிப்பை மாத்திரம் எதிர்த்து வழக்கிட்டவர், 6ஆம் பிரிவின்படி வெளியேற்றக் கட்டளை பிறந்தபின் அதனைத் தனியே எதிர்த்தல் வேண்டும்.

மூன்றாவது, சட்டமே மறைதல். தமிழ்நாட்டு நகர்ப்புற நில உச்சவரம்புச் சட்டம் 1999இல் நீக்கப்பட்டது. அதற்குமுன் அரசு நிலத்தைக் கைப்பற்றாதிருந்த இடங்களில் நடவடிக்கைகள் தாமே ஒழிந்தன. கைப்பற்றியிருந்த இடங்களிலோ அப்பயன் கிட்டவில்லை. ஆகவே, கைப்பற்றிய நாள் எது என்பதே பலருக்கு வாழ்வுக்கும் தாழ்வுக்கும் காரணமாயிற்று.

இனி நாம் செய்யத்தக்கன யாவை? வழக்கிடும்போதே, வேண்டுமிடத்து, இடைக்காலத் தடை கோருக. அலுவலகத்திலிருந்து எக்கடிதம் வரினும், வந்த நாளைக் குறித்து உடனே வழக்கறிஞரிடம் காட்டுக. வழக்கு முடிக்கப்படும்போது, புதிய கட்டளையை எதிர்க்கும் உரிமையைத் தீர்ப்பில் எழுதிப் பெறுக. நம் பிள்ளைகளுட் கற்றோர் ஊர்தோறும் முதியோர்க்கு இக்கடிதங்களைப் படித்துச் சொல்லுதல் சிறந்த தொண்டாம்.

இவை யாவற்றினும் மேலானது ஒன்றுண்டு. உடன்பிறந்தார் தம்முள் இணங்கிப் பாகப்பிரிவினைப் பத்திரம் பதிவு செய்துகொள்வாராயின், அவர்தம் வழக்கும் பயனற்றதாகும். அங்ஙனம் பயனிழக்கும் வழக்குகள் நம்மிடைப் பெருகுக!